பீப்பாயில் எரியும் சருகு: வன்னிப் பயணக் குறிப்புகள்

5 ஜூலை 2024, வெள்ளி – வவுனியாவிலிருந்து முள்ளிவாய்க்கால் கிழக்கு

மாங்குளம் வர இன்னும் ஐந்தாறு கிலோமீட்டர் இருக்கும்போது பேருந்தின் முன்பக்கத்திலிருந்து புகை கிளம்பியது. ஓட்டுநர் ஓரம் கட்டி இறங்கிப் பார்த்தார். ரேடியேட்டர் போய்விட்டது, இனி நகராது என்றார். காலை பதினொன்றரை மணி. ஜூலையில் வட இலங்கையின் வன்னி காய்ந்து கிடக்கிறது. தென்மேற்கிலிருந்து வீசும் சோளகக் காற்று தரையிலிருக்கிற செம்மண்ணையெல்லாம் அள்ளிக் கண்ணில் போடுகிறது.

யாரும் சத்தம் போடவில்லை. நடத்துநர் ஒவ்வொருவரிடமும் வந்து, எங்கே இறங்க வேண்டும் என்று கேட்டு, மிச்சத் தூரத்துக்கான காசைத் திருப்பிக் கொடுத்தார். எல்லோரும் ரோட்டோரப் பாலைமர நிழலில் போய் உட்கார்ந்துகொண்டோம். பக்கத்தில் ஓர் அம்மா, மடியில் மூடிய வாளி. மாங்குளம் சந்தியில் விற்கப் பாலைப்பழம் கொண்டுபோகிறார். பால் டின் அளவைத்தான் அங்கே சுண்டு என்கிறார்கள். ஒரு சுண்டு 100 ரூபா. மஞ்சளாக, வேப்பம்பழத்தைவிடச் சற்றுப் பெரிதாக இருக்கிறது. தித்திப்பென்றால் அப்படியொரு தித்திப்பு. ஆனால் அதன் பால் உதட்டில் ஒட்டிக்கொண்டு வாயைத் திறக்க விடுவதில்லை. என் அவஸ்தையைப் பார்த்துவிட்டு, கைப்பையிலிருந்து தேங்காய் எண்ணெய்க் குப்பியை எடுத்துக் கொடுத்தார். காசை நீட்டினேன், வாங்கவில்லை. "பஸ் உடைஞ்ச இடத்தில யாவாரம் செய்யிறதோ தம்பி?" என்றார்.

என்னோடு வந்த நண்பன் வவுனியாவில் ஆசிரியன். அவனுடைய பெரியம்மா வீட்டுக்குத்தான் போகிறோம். இந்த ஏ9 பாதை 2006 ஆகஸ்டில் மூடப்பட்டபோது அவனுக்குப் பதின்மூன்று வயது. அவன் குடும்பம் வவுனியாவில், பெரியம்மா குடும்பம் மறுபக்கம், புலிகளின் கட்டுப்பாட்டில். அதன் பிறகு 2009இல், போரில் இடம்பெயர்ந்தவர்களை அடைத்து வைத்திருந்த செட்டிகுளம் மெனிக் பாம் முகாமில்தான் அவர்களைப் பார்த்தானாம். முள்கம்பிக்கு இந்தப் பக்கம் நின்று, அந்தப் பக்கம் நின்ற பெரியம்மாவுடன் பேசியிருக்கிறான். "முதல் கேள்வியே, நீ பள்ளிக்கூடம் போறியோ எண்டதுதான்" என்றான்.

யாழ்ப்பாணம் போகிற பேருந்து ஒன்று எங்களில் பாதிப் பேரை ஏற்றிக்கொண்டது. முறிகண்டிப் பிள்ளையார் கோவிலில் எல்லா வண்டியும் நிற்கும், இதுவும் நின்றது. தேங்காய் உடைத்தார்கள். நாங்கள் வறுத்த கச்சான் வாங்கிக்கொண்டோம். நிலக்கடலைக்கு இங்கே அதுதான் பெயர். பரந்தனில் இறங்கி ஏ35 பாதைக்கு மாறினோம்.

பரந்தனிலிருந்து முல்லைத்தீவு வரை 52 கிலோமீட்டர். தருமபுரம், விசுவமடு, உடையார்கட்டு, சுதந்திரபுரம், வள்ளிபுனம், புதுக்குடியிருப்பு. ஊர்ப் பலகைகள் ஒவ்வொன்றாக வர வர எனக்கு வயிற்றைப் பிசைந்தது. 2009 ஜனவரி 2 அன்று கிளிநொச்சி இராணுவத்திடம் வீழ்ந்த பிறகு சனம் கிழக்கே நகர்ந்தது இதே வரிசையில்தான். ஜனவரி 21 அன்று இந்தப் பாதையோரத்தைத்தான் அரசு "பாதுகாப்பு வலயம்" என்று அறிவித்தது. அங்கே செல் (எறிகணை) விழுந்தது. பிப்ரவரியில் கடற்கரையோரம் இன்னொரு வலயம் அறிவித்தார்கள். அங்கேயும் விழுந்தது. தஞ்சாவூரில் அந்த மாதங்களில் இந்தப் பெயர்களைச் செய்தியில் கேட்டுக் கேட்டு மனப்பாடமே ஆகிவிட்டது. இப்போது அதே ஊர்களில் பள்ளிப் பிள்ளைகள் வெள்ளைச் சீருடையில் சைக்கிள் மிதித்துப் போகிறார்கள்.

பெரியம்மாவின் ஊர் முள்ளிவாய்க்கால் கிழக்கு. ஒருபுறம் கடல், மறுபுறம் நந்திக்கடல் என்கிற உப்பங்கழி, நடுவில் மணல். வீடு இந்திய வீட்டுத்திட்டத்தில் கட்டியது, ஐந்தரை லட்சம் இலங்கை ரூபா உதவியோடு. மகள், கடற்தொழில் செய்கிற மருமகன், எட்டாம் வகுப்புப் படிக்கிற பேத்தி எல்லாரும் ஒன்றாக இருக்கிறார்கள். இரவு இடியப்பம், சொதி, நந்திக்கடல் இறால் பிரட்டல். இறால் நாலாவது தடவையும் என் தட்டில் விழுந்தது.

6 ஜூலை, சனி – வளவுக்குள்

காலையில் பேத்தி முற்றம் பெருக்கினாள். தென்னையும் மரமுந்திரியும் நிறைந்த வளவு, சருகுக்குக் குறைவில்லை. கூட்டிய குவியலைக் கூடையில் அள்ளிக்கொண்டு வீட்டின் பின்னால் போனாள். அங்கே பாதியாக வெட்டிய தார்ப் பீப்பாய் ஒன்று கல் அடுக்கிய மேடையில் நின்றது. சருகைக் கொட்டி, நெருப்பு வைத்து, பத்தடி தள்ளி வந்து நின்றாள். பிறகு என்னிடம் கேட்டாள்: "அங்கிள், உங்கட ஊரில குப்பையை நிலத்தில வைச்சே எரிப்பினமாமே, உண்மையோ?"

உண்மைதான் என்றேன். அவள் நம்பாமல் அம்மாவைப் பார்த்தாள்.

இங்கே நிலத்தில் நெருப்பு வைக்கக்கூடாது. மண்ணுக்குள் வெடிக்காமல் கிடக்கும் எதுவும் சூடு ஏறினால் வெடிக்கும். இந்த மாவட்டத்தில் குப்பை எரிக்கப்போய்க் காயப்பட்டவர்கள் இருக்கிறார்கள். கண்ணிவெடி அகற்றும் நிறுவனங்கள் வந்து துப்புரவு செய்து, கையெழுத்து வைத்துக் கொடுத்த நிலம்தான். இருந்தாலும் மணல் நகர்கிற ஊர், மாரி மழை ஒவ்வொரு தடவையும் புதிதாக எதையாவது மேலே கொண்டுவருகிறது. போர் முடிந்து இரண்டு வருடம் கழித்துப் பிறந்த பிள்ளைக்கு அந்தப் போர் எப்படிப் போய்ச் சேர்ந்திருக்கிறது என்றால் இப்படித்தான். எங்கே நெருப்பு வைக்கலாம், எத்தனை அடி தள்ளி நிற்க வேண்டும் என்பதாக.

பக்கத்து வளவில் மலசலகூடத்துக்குக் குழி வெட்டிக்கொண்டிருந்தார்கள். எங்கள் பக்கம் கிணறு வெட்டுபவர்கள் மாதிரி ஓங்கிப் போடுவதில்லை. மண்வெட்டியைச் சாய்த்துப் பிடித்து, மண்ணைச் சுரண்டிச் சுரண்டி எடுக்கிறார்கள். இடுப்பளவு ஆழத்தில் ஏதோ இரும்பில் பட்டது. வெட்டியவர் உடனே கையை எடுத்துவிட்டார். மேலே நின்றவர் குனிந்து பார்க்கக்கூட இல்லை, கையை நீட்டி அவரைத் தூக்கிவிட்டார். நாலு பக்கமும் கம்பு நட்டுக் கயிறு கட்டினார்கள். ஒருவர் போலீசுக்குப் போன் செய்தார். அப்புறம் எல்லோரும் தேத்தண்ணி குடிக்கப் போய்விட்டார்கள். மொத்தமும் ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. அதில் யாருக்கும் பயம் இருந்ததாகவும் தெரியவில்லை, என்னைத் தவிர. மாலையில் வந்து பார்த்தபோது அது தண்ணீர்ப் பம்பின் உடைந்த துண்டு என்று தெரிந்தது. நாளை மறுபடி வெட்டுவார்களாம்.

சாயங்காலம் பெரியம்மா ஆட்டை மாற்றிக் கட்டச் சொன்னார். "பரந்தன் மூலையில கட்டு, அங்க நிழல்" என்றார். பரந்தன் இங்கிருந்து ஐம்பது கிலோமீட்டர் இருக்குமே என்று நான் விழிக்க, மகள்தான் விளக்கினார். 2009 பிப்ரவரிக்குப் பிறகு சனம் முழுக்க இந்தக் கரைக்கு வந்து சேர்ந்தபோது இந்த ஒரு வளவிலேயே அறுபது எழுபது குடும்பங்கள் தறப்பாள் கட்டி இருந்திருக்கின்றன. வடகிழக்கு மூலையில் பரந்தன் ஆட்கள். கிணற்றடியில் தருமபுரத்து ஆட்கள். ரோட்டுப் பக்கத் தென்னையின் கீழ் கிளிநொச்சி டீச்சர் குடும்பம். அவர்கள் தோண்டிய பங்கர்கள் (பதுங்குகுழிகள்) எப்போதோ மூடப்பட்டுவிட்டன. பெயர்கள் மட்டும் போகவில்லை. பேத்தி தேங்காய் பொறுக்கப் போகும்போது "டீச்சர் தென்னையில ரெண்டு விழுந்து கிடக்கு" என்கிறாள். அந்த டீச்சரை அவள் பார்த்ததே இல்லை.

பங்கருக்கு மண்மூட்டை வேண்டும். சாக்கு தீர்ந்ததும் சேலைகளை வெட்டித் தைத்து மணல் நிரப்பியிருக்கிறார்கள். பெரியம்மாவின் கூறைச் சேலையும் போயிற்று. "அரக்குச் சிவப்பு தம்பி, நல்ல சரிகை. அது நாலு மூட்டை வந்தது" என்று கணக்குச் சொன்னார்.

7 ஜூலை, ஞாயிறு – புதுக்குடியிருப்பில் சாமத்திய வீடு

சொந்தக்காரப் பிள்ளை ஒன்றுக்குப் பூப்புனித நீராட்டுச் சடங்கு. என்னையும் கட்டாயம் வரவேண்டும் என்றார்கள். பந்தலில் நுழைந்ததும் பயித்தம் பணியாரமும் அரியதரமும் முறுக்கும் அடங்கிய தட்டு, கூடவே ஒரு சோடா. மத்தியானம் வாழையிலையில் சோறு, பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி, வாழைக்காய்ப் பொரியல், மோர்மிளகாய், பாயாசம். பால்கறி இரண்டாம் தடவை கேட்டு வாங்கினேன். பரிமாறியவர் "இந்தியாவில இருந்து வந்தவர் நல்லாச் சாப்பிடுறார்" என்று உள்ளே போய்ச் சொன்னது எனக்கே கேட்டது.

ஆராத்தித் தட்டுகளோடு பெண்கள் வரிசையாக வந்துகொண்டிருந்தார்கள். அந்த நேரத்தில் வீடியோக்காரப் பையன் ட்ரோனை மேலே ஏற்றினான். ர்ர்ர் என்று பந்தலுக்கு மேலே ஒரு வட்டம் போட்டது.

வரிசை நின்றது. இளம் பெண்கள் அண்ணாந்து சிரித்தார்கள், கையசைத்தார்கள். நாற்பது வயதுக்கு மேற்பட்ட ஒருவரும் சிரிக்கவில்லை. பெரியம்மா பக்கத்தில் நின்ற யாரோ ஒரு சின்னப் பிள்ளையின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மாமரத்தின் கீழே போய்விட்டார். ஒரு பெரியவர் நாற்காலியிலிருந்து எழுந்து சுவரோடு ஒட்டி நின்றார். சமையல்கட்டில் ஒருவர் அடுப்பிலிருந்த அண்டாவை இறக்கச் சொல்லிக் குரல் கொடுத்தார். எல்லாம் தன்பாட்டில் நடந்தது. யாரும் யாரையும் பார்த்துச் செய்யவில்லை.

பையன் உடனே இறக்கிவிட்டான். இருபது, இருபத்தொரு வயது இருக்கும். "நான் முதலே சொன்னனான் அண்ணை. வயசான ஆக்கள் இருக்கிற வீட்டில நான் இதைப் பறக்க விடுறேல்லை. கனடா மாமா கட்டாயம் வேணும் எண்டவர்" என்றான் என்னிடம், தானே தப்பு செய்துவிட்ட மாதிரி முகத்தோடு. கனடாவிலிருந்து வந்த மாமா ஒன்றும் பேசாமல் பெரியவருக்குத் தண்ணீர் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, அவர் பக்கத்திலேயே வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்.

அந்த ஆளில்லா விமானங்களை வன்னிச் சனம் வண்டு என்றுதான் சொல்லும். வண்டு சுற்றினால் சற்று நேரத்தில் செல்லடி வரும். "அதுக்குள்ள உலையை இறக்கி நெருப்பை அணைக்கோணும். புகை தெரிஞ்சால் அதுக்குத்தான் அடிப்பான் எண்டு பயம். அரை வேக்காட்டுச் சோறு எத்தினை நாள் தின்டனாங்கள்" என்றார் பெரியம்மா, திரும்பி வரும்போது ஆட்டோவில். அதைச் சொல்லி முடித்த கையோடு, இன்றைய பாயாசத்தில் சவ்வரிசி கூடிவிட்டது என்றார். எனக்குத்தான் அந்தப் பேச்சிலிருந்து இந்தப் பேச்சுக்கு வர நேரம் பிடித்தது.

நானும் கிராமத்துப் பிள்ளைதான். பெரியவர்களுக்கு நடந்தது எதுவானாலும் அதைக் கதையாகத்தான் கேட்டு வளர்ந்தேன். இங்கே அது கதையாக இன்னும் ஆறவில்லை. உடம்பு அதை வைத்திருக்கிறது. அந்த வீடியோப் பையன் அதைப் பார்த்துத்தான் தொழில் படித்திருக்கிறான்.

8 ஜூலை, திங்கள் – வட்டுவாகல், முள்ளியவளை

மருமகனின் மோட்டார் சைக்கிளை வாங்கிக்கொண்டு நானும் நண்பனும் கிளம்பினோம். பெட்ரோல் லிட்டர் 344 ரூபா. முதலில் ஊருக்குள்ளேயே இருக்கும் நினைவு முற்றம். மணல் வெளி, நடுவில் பொதுச்சுடர் ஏற்றும் இடம், இறந்த தாயும் குழந்தையுமாக ஒரு சிற்பம். போர் முடிந்த நாளான மே 18 அன்று இந்த இடம் கொள்ளாத கூட்டம் வரும். மற்ற நாட்களில் ஆடு மேயும். 2021 மே மாதம் இரவோடு இரவாக இங்கே சுடரேற்றும் இடத்தை உடைத்தார்கள், நடுவதற்குக் கொண்டுவந்த நினைவுக்கல்லையும் காணவில்லை. தஞ்சாவூர் விளாரில் 2013இல் திறந்த முள்ளிவாய்க்கால் முற்றத்துக்கு நான் பலமுறை போயிருக்கிறேன். கருங்கல்லில் வரிசை வரிசையாகச் சிற்பங்கள். இந்த மணலில் நின்றபோது, எங்கள் ஊரில் அவ்வளவு கல் வைக்க முடிந்ததும் நடந்த இடத்தில் ஒரு கல் நிற்க முடியாமல் போனதும் சேர்ந்தே உறைத்தது.

இதே ஏ35 பாதையில், புதுக்குடியிருப்புப் பக்கம், போர் முடிந்த அதே ஆண்டில் எழுப்பிய படையினரின் வெற்றிச் சின்னம் இருக்கிறது. துப்பாக்கியும் கொடியுமாக ஒரு சிப்பாய். அதற்கு ஒன்றும் ஆகவில்லை, நன்றாகப் பராமரிக்கிறார்கள். செத்துப்போன பிள்ளைக்கு அம்மா விளக்கு வைக்க மட்டும் நீதிமன்றத் தடையாணை வருகிறது. இந்த ஆண்டு மே மாதம்கூட திருகோணமலை மாவட்டத்துச் சம்பூரில் போரின் கடைசி நாட்களில் சனம் குடித்து உயிர் பிடித்த முள்ளிவாய்க்கால் கஞ்சியை நினைவாகக் காய்ச்சிக் கொடுத்ததற்காக நான்கு பேரைக் கைது செய்தார்கள். அரிசி, தண்ணீர், உப்பு. அவ்வளவுதான் அந்தக் கஞ்சியில். பெரியம்மா வீட்டில் மே மாதம் தவிர வேறெப்போதும் கஞ்சி வைப்பதில்லை. காய்ச்சல் வந்தால்கூட பாண் வாங்கித் தேத்தண்ணியில் தோய்த்துச் சாப்பிடுகிறார்கள்.

வட்டுவாகல் பாலம் ஒரு வண்டி போகிற அகலம்தான். விளிம்புகள் சிதைந்து, தண்ணீரை ஒட்டிக் கிடக்கிறது. 2009 மே 17, 18 தேதிகளில் பல்லாயிரம் பேர் இதைக் கடந்து இராணுவப் பக்கம் வந்தார்கள். பெரியம்மாவின் மூத்த மகனை அவர் இங்கேதான் ஒப்படைத்தார். இயக்கத்தில் (புலிகளில்) ஒரு நாள் இருந்தாலும் பதிவு செய்ய வேண்டும், விசாரித்துவிட்டு விடுவோம் என்று ஒலிபெருக்கியில் சொன்னார்களாம். கத்தோலிக்கப் பாதிரியார் பிரான்சிஸ் ஜோசப் அடிகளாரோடு பஸ்ஸில் ஏறியவர்களும் அந்த நாட்களில் போனவர்கள்தான். ஒருவரும் வரவில்லை. காணாமல் போனவர் என்று ஒரு சான்றிதழ் தருகிறோம், ஒரு தொகை தருகிறோம் என்கிறது அரசு. பெரியம்மா விண்ணப்பிக்கவில்லை. "நான் காணாமல் போக்கேல்லை தம்பி. கையில பிடிச்சுக் கொண்டுபோய்க் குடுத்தனான்" என்றார் முந்தின இரவு.

ஐ.நா. நிபுணர் குழு 40,000 பேர் வரை இறந்திருக்கலாம் என்றது. மன்னார் ஆயர் இராயப்பு ஜோசப் அரசின் ஆணைக்குழு முன்னாலேயே, அரசாங்கப் பதிவேடுகளை வைத்து, 1,46,679 பேருக்குக் கணக்கு இல்லை என்றார். ஊரில் யாரும் இந்த எண்களைப் பேசுவதில்லை. "எங்கட வீட்டில ஐஞ்சு" என்கிறார்கள்.

முள்ளியவளைக்கு அருகே பின் சக்கரம் பஞ்சர். வெயிலில் வண்டியை ஒரு கிலோமீட்டர் தள்ளினோம். ஓலைக் கொட்டிலில் ஒரு ஒட்டுக்கடை. கடைக்காரருக்கு வலது கால் முழங்காலுக்குக் கீழே செயற்கைக் கால். 2011இல் மீளக் குடியேறிய புதிதில் விறகு பொறுக்கப்போன இடத்தில் மிதிவெடி. கேட்காமலே சொன்னார், டியூபைத் தண்ணீரில் அமுக்கிக்கொண்டே, வேறு யாருக்கோ நடந்த விஷயம் போல. தஞ்சாவூர் என்றதும் நிமிர்ந்தார். "மேட்டூர் திறந்தாச்சோ?" என்றார்.

ஜூன் 12 அன்று திறக்க வேண்டியது, தண்ணீர் இல்லாமல் இந்த ஆண்டு இன்னும் திறக்கவில்லை, குறுவை போய்விட்டது என்றேன். மிகவும் வருத்தப்பட்டார். தனக்கும் முத்தையன்கட்டுப் பக்கம் வயல் உண்டாம், சிறுபோகத்துக்குக் குளத்தில் தண்ணீர் எவ்வளவு விடுவார்கள் என்பதுதான் அங்கே எப்போதும் தகராறு. அரை மணி நேரம் நெல்லும் தண்ணீருமாகப் பேசினோம். அந்த வாரத்தில் என் நெஞ்சு லேசானது அந்தக் கொட்டிலில்தான். ஒட்டுக்கு 300 ரூபா, இரண்டு பிளேன்டீக்குத் தானே காசு கொடுத்தார்.

வெயில் தாழ வீடு திரும்பினால் பக்கத்து வீட்டுப் பெண்கள் முற்றத்தில் கூடியிருந்தார்கள். கொக்குத்தொடுவாய் பற்றிப் பேச்சு. 2023 ஜூன் கடைசியில் தண்ணீர்க் குழாய் பதிக்கத் தோண்டியபோது அங்கே மனித எச்சங்கள் வெளிவந்தன. சென்ற ஆண்டு இரண்டு கட்டமாக 40 எலும்புக்கூடுகள் எடுத்தார்கள். நாங்கள் அங்கே இருந்த வாரம்தான் மூன்றாம் கட்ட அகழ்வு தொடங்கியிருந்தது. (அந்த மாத நடுவில் அது முடிந்தபோது எண்ணிக்கை 52.) பெண் போராளிகளின் உடைகளும் இருந்தன என்று செய்தி வந்ததிலிருந்து, மகளைத் தேடுகிற அம்மாக்கள் அங்கே போய் வருகிறார்கள். அவர்களில் ஒருவர் அன்றும் போய்வந்திருந்தார். பஸ்ஸுக்கு மட்டும் 400 ரூபா செலவு. ஆயிரம் ரூபா கூலிக்கு இறால் தரம் பிரிக்கிறவர், ஒரு நாள் கூலியும் போயிற்று. என்ன பார்த்தீர்கள் என்று பெரியம்மா கேட்டார். "கிட்ட விடேல்லை அக்கா. தறப்பாள் போட்டு மறைச்சிருக்கு. நான் சும்மா நிண்டிட்டு வந்தனான்" என்றார். மகள் கடைசியாகக் கட்டியிருந்த கைக்கடிகாரத்தின் பட்டி பச்சை நிறம் என்று அதிகாரியிடம் எழுதிக் கொடுத்திருக்கிறாராம்.

9 ஜூலை, செவ்வாய் – கரைவலை, பிறகு வவுனியா

விடியற்காலையில் மருமகனோடு கடலுக்குப் போனேன். சோளகத்தில் இந்தக் கடல் அமைதி, கரைவலைக்கு ஏற்ற காலம். வலையின் ஒரு முனையை டிராக்டரில் பூட்டி இழுத்தார்கள், மறுமுனையில் ஆட்கள். சூடையும் சாளையும் கொஞ்சம், நெத்தலி நிறைய. மண்ணெண்ணெய் விலையைச் சொல்லிச் சொல்லி அலுத்துக்கொண்டார்கள். வலை மடியைக் கொட்டியதும் மீனை அள்ளும் முன் ஒருவர் மட்டும் குனிந்து விரலால் துழாவிப் பார்த்தார். அவர் தலையசைத்த பிறகுதான் மற்றவர்கள் கூடையோடு வந்தார்கள். ஏன் என்று நான் கேட்கவில்லை. அதற்குள் எனக்கும் அந்த ஊர்ப் பழக்கம் புரிய ஆரம்பித்திருந்தது. பங்காக ஒரு பை நெத்தலி கொடுத்தார்கள்.

பதினொரு மணிக்கு பஸ். நெத்தலியைப் பொரித்துப் புட்டோடு வைத்துவிட்டு, பெரியம்மா அறைக்குள் போய் ஒரு ரெக்சின் பையை எடுத்து வந்தார். காணி உறுதி, குடும்ப அட்டை, பிறப்புச் சான்றிதழ்கள், மூத்த மகனின் பத்தாம் வகுப்புப் பெறுபேறு, எல்லாம் தனித்தனியாகப் பொலித்தீனில் சுற்றியிருந்தன. அதற்குள் ஒரு பள்ளிக்கூடக் கொப்பி. கடந்த பொங்கலுக்கு நண்பன் வந்தபோது அவர் சொல்லச் சொல்ல இவன் எழுதத் தொடங்கியதாம். அவருடைய வளவில், அந்த மூன்று மாதத்தில் இறந்தவர்களின் பெயர்கள். அரசின் பட்டியலிலும் இல்லை, எங்கள் ஊர்க் கல்லிலும் இல்லை.

மூலை மூலையாக எழுதியிருந்தது. பரந்தன் மூலை: ஏழு பேர். கிணற்றடி: ஒன்பது. டீச்சர் தென்னை: நாலு. பெயர் தெரியாதவர்களும் உண்டு. "கிளிநொச்சி டீச்சரின் இரண்டாவது பிள்ளை, ஆண், நாலு வயது. ஏப்ரல் மாதம், பின்னேரம். பால்மா கேட்டு அழுத பிள்ளை." இப்படி.

சாப்பிட்ட கையோடு அவன் பேனாவை எடுத்தான். இன்றைக்குப் புதிதாக மூன்று பேர் ஞாபகத்துக்கு வந்திருந்தார்கள். நேற்று கொக்குத்தொடுவாய்ப் பேச்சில் வந்தார்களாம். ஒருவரின் வயதில் பெரியம்மாவுக்கும் மகளுக்கும் வாக்குவாதம். மகள் பதினாறு என்றார், பெரியம்மா பதினெட்டு என்றார். கடைசியில் இரண்டையும் எழுதி வைத்தார்கள். சரித்திரப் பாடம் எடுப்பவன் என் நண்பன். அவன் கையிலிருக்கிற பாடப்புத்தகத்தில் இந்தச் சண்டை வருவதே இல்லை. அவனுடைய தாள் திருத்தும் சிவப்புப் பேனா சட்டைப்பையிலேயே இருந்தது, நீலப் பேனாவால் மெதுவாக எழுதினான்.

"தம்பி, நீங்களும் ஒரு பிரதி கொண்டு போங்கோ" என்றார் பெரியம்மா என்னிடம். ஒன்று இந்தப் பையில், ஒன்று வவுனியாவில், ஒன்று கடலுக்கு அந்தப் பக்கம். "சுனாமிக்கு ஒருக்கால் போட்டோ எல்லாம் போச்சு. சண்டைக்கு மிச்சம் போச்சு. ஒரு வீட்டில வைச்சால் காணாது."

ஒவ்வொரு பக்கமாகப் போனில் படம் எடுத்தேன். நடுவில் இரண்டு பக்கம் வெளிச்சம் போதாமல் மங்கலாக வந்தன. பெரியம்மா போனை வாங்கிக் கண்ணருகே வைத்துப் பார்த்துவிட்டு, கொப்பியை வாசலுக்குக் கொண்டுபோய் வெயிலில் விரித்துப் பிடித்தார். மறுபடி எடுக்கச் சொன்னார்.